பீலியில் வந்த மயில்

அக்கரப்பத்தனைப் பக்கம் மழை பெய்தால் யாரும் அண்ணாந்து பார்ப்பதில்லை. வெயில் அடித்தால்தான் பார்ப்பார்கள். அன்றைக்குக் காலைப் பெரட்டில் பெயர் கொடுக்க ஆள் சேரும்போதே பிடித்துக்கொண்ட தூறல், தேத்தண்ணி நேரம் வரைக்கும் விடவில்லை. தேயிலைத் தோட்டத்தின் மேற்கணக்குப் பிரிவில், பள்ளத்து மலையில் பெண்கள் ஆளுக்கொரு நிரையைப் பிடித்துக்கொண்டு ஏறினார்கள். தலைக்குப் பொலித்தீன், இடுப்புக்குப் படங்குச் சாக்கு, முதுகுக்குக் கூடை. விரலுக்கு மட்டும் போர்த்திக்கொள்ள ஒன்றுமில்லை. அது மழையோ குளிரோ ஓடிக்கொண்டே இருக்க வேண்டும்.

ஜீவராணி மற்றவர்களை விட்டு முன்னால் போய்விட்டாள். கை ஓடுவதுபோல வாயும் ஏதோ முணுமுணுத்துக்கொண்டே ஓடியது.

"என்னா ஜீவா, விடிஞ்சதுலருந்து வாய் சும்மா இல்ல? வெத்தல போட்டிருக்கியா, பாட்டுப் போட்டிருக்கியா?" அடுத்த நிரையிலிருந்து வீரம்மா கேட்டாள். ஊரில் ஒரு செய்தி வீரம்மா காதுக்குப் போகாமல் பழசாகிப் போனதாகச் சரித்திரமே கிடையாது.

"பாட்டுத்தான்க்கா."

"யாரு பாட்டு?"

ஜீவராணி பதில் சொல்லவில்லை. முகம் சொல்லிவிட்டது. மூன்று மாதமாக உப்புச் சப்பில்லாமல் கிடந்த முகம் அது.

தேத்தண்ணி நேரத்தில் சவுக்கு மரத்தடியில் எல்லாரும் ஒண்டிக்கொண்டார்கள். ரொட்டியைப் பிய்த்துச் சம்பலில் தொட்டு வாயில் போட்டுக்கொண்டே, "எடு, எடு" என்று வீரம்மா நச்சரித்தாள். ஜீவராணி படங்குக்குள் கைவிட்டு, பொலித்தீன் உறையில் சுற்றியிருந்த போனை எடுத்தாள். கங்காணி ஜெயகாந்தன் அந்தப் பக்கம் இல்லை என்று பார்த்துக்கொண்டு தட்டினாள். வயலின் இழுத்தது, தவில் போல ஒன்று விழுந்தது, பிறகு பஞ்சு மாதிரி ஓர் ஆண் குரல்.

மலையோரம் மயிலே நீ பீலி விரிச்சாயே
மழையாட்டம் நீ பொழிய நான் நனைஞ்சு நின்னேனே
கறை படிஞ்ச விரலு ரெண்டு கிள்ளுதடி என் நெஞ்ச
கழுவிக் கழுவிப் பாத்தேனே நான் சொன்ன அந்தச் சொல்ல

மென்றுகொண்டிருந்த வாய்கள் நின்றன. யாரோ மூக்கை உறிஞ்சினார்கள்.

"ஒம் புருசன் விஜியா பாடுறாரு?" என்றாள் வீரம்மா.

"கொரலு வேற யாரோ. பாட்டு அவரு செஞ்சது. ‘உனக்காகச் செஞ்ச பாட்டு’ன்னு எழுதி அனுப்பியிருக்காரு."

"அந்த வாய்க்குள்ள இப்பிடி ஒரு பாட்டு இருந்துச்சாக்கும்!"

இருந்ததா இல்லையா என்பதுதான் பிறகு பெரிய வழக்காகிப் போனது. அதற்கு முன்னால், அவன் என்ன சொல்லைக் கழுவினான் என்று சொல்லிவிட வேண்டும்.

விஜிதரனுக்குக் கொழும்பில் ஓர் அரிசிக் கடையில் வேலை. கோயில் தேருக்கும் தீபாவளிக்கும் பொங்கலுக்கும் வருவான். இந்தத் தடவை தேருக்கு வந்தபோது கடை முதலாளியின் மகனையும் இன்னும் சிலரையும் தோட்டம் பார்க்கக் கூட்டி வந்திருந்தான். ஜீவராணி விடியலில் எழுந்து கோழி அடித்து, பருப்பு வைத்து, அப்பளம் பொரித்து, லயத்து வீட்டின் சின்னக் காம்பராவில் வாழையிலை விரித்துப் பரிமாறினாள். வந்த பையன்களில் ஒருவன் அவள் கையையே பார்த்தான். கொழுந்துக் கறை விரல் இடுக்கிலும் நகக்கண்ணிலும் கறுத்துக் கிடந்தது. தோட்டத்தில் யாருக்கும் அது கண்ணில் படாது, எல்லார் கையும் அப்படித்தான். ஆனால் பையன் பார்த்ததை விஜிதரன் பார்த்துவிட்டான். "கையக் கழுவிட்டு வந்து போடக்கூடாதா?" என்றான், எல்லாருக்கும் கேட்கும்படி.

அவள் கழுவித்தான் இருந்தாள். தேசிக்காய் தேய்த்து, சாம்பல் தேய்த்து, தோல் எரிய எரியக் கழுவியிருந்தாள். அந்தக் கறை கழுவினால் போகிற கறையல்ல என்பது, அந்தத் தோட்டத்திலேயே பிறந்து வளர்ந்த அவனுக்குத் தெரியாதா? அதுதான் அவளைக் கொன்றது. விருந்தாளிகள் போகும்வரை பொறுத்திருந்து, "இனிமே இந்த வாசப்படி ஏறாதீங்க. கழுவுன கையுள்ளவளாப் பாத்துக்கோங்க" என்று சொல்லிவிட்டாள். அவனும் ரோசக்காரன், பையைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறினான். அதற்குப் பிறகு போன் வந்தால் மகள் பூரணிதான் எடுப்பாள். அப்பாவும் மகளும் பேசி முடித்துவிடுவார்கள்.

அப்படி இருந்தவளுக்குத்தான் இந்தப் பாட்டு வந்தது. "நான் சொன்ன அந்தச் சொல்ல" என்ற இடம் வரும்போதெல்லாம் அவள் பாட்டைப் பின்னால் தள்ளி மறுபடி கேட்டாள். கறை கையில் இல்லை, சொல்லில்தான் என்று அவனே ஒத்துக்கொண்டானே! மன்னிப்புக் கேட்காத மனுசன் பாட்டாகவே கேட்டுவிட்டான். தீபாவளிக்கு வரச் சொல்லலாம் என்று அன்றைக்கு மடுவத்தில் கொழுந்து நிறுக்க நிற்கும்போதே முடிவு பண்ணிவிட்டாள்.

அடுத்த காம்பராவில் இருந்த மாமியார் காளியாயிக்குத் தலைகால் புரியவில்லை. இஸ்தோப்புத் திண்ணையில் உட்கார்ந்துகொண்டு போகிற வருகிறவர்களையெல்லாம் நிறுத்தினாள்.

"எம் மவன் பாட்டுக் கட்டியிருக்கான் தெரியுமா? ரேடியோவுல போடுற மாதிரி. அவன் வயித்துல இருக்கும்போதே நான் மாரியம்மன் கோயில்ல கும்மி அடிச்சவ. அது எங்க போகும்?"

"உங்க மகன் பள்ளிக்கூடத்துல தேவாரம் பாடச் சொன்னா வேலி தாண்டி ஓடுவாருன்னு நீங்கதானே சொன்னீங்க?" என்றாள் நின்றவர்களில் ஒருத்தி.

"அது தேவாரம். இது வேற" என்றாள் காளியாயி.

பாட்டு வீட்டு வரிசை வரிசையாக, லயம் லயமாகப் பரவியது. போனிலிருந்து போனுக்குப் போனது. மலையில் ஒருத்தி முதல் அடியை எடுத்தால் அடுத்த நிரையில் இருப்பவள் முடித்து வைத்தாள். கங்காணி ஜெயகாந்தனே, "பாடிக்கிட்டே எடுத்தாலும் பரவால்ல, கை நிக்காம எடுங்க" என்று விட்டுவிட்டார். இவ்வளவு தூரம் போன பிறகுதான் வினை வந்தது.

அன்றைக்கு மழை கொஞ்சம் விட்டிருந்தது. பனி மட்டும் மலையின் இடுப்பில் சுற்றிக்கொண்டு கிடந்தது. ஒருத்தி சும்மாதான் கேட்டாள்.

"ஏன் ஜீவாக்கா, வீட்ல உங்கள மயிலேன்னா கூப்பிடுவாரு?"

"இல்லியே. புள்ளைம்பாரு."

"அப்ப இதுல மயிலேங்குறாரு?"

"பாட்டுன்னா அப்பிடித்தான்."

"பீலி விரிச்சாயேன்னா என்னா அர்த்தம்? பீலியில என்னத்த விரிப்பாங்க?"

"துணிதான்" என்றாள் இன்னொருத்தி. "பீலியில துணி தொவைச்சு, கல்லு மேல விரிக்கிறதில்லியா?"

பீலி என்றால் அங்கே எல்லாருக்கும் ஒன்றுதான் தெரியும். மலையில் கசிகிற ஊற்றைக் குழாய் வைத்துத் திருப்பி விழ வைத்திருக்கும் இடம். குளிப்பதும் துவைப்பதும் குடம் நிறைப்பதும் அங்கேதான். குமரிகளும் இளவட்டங்களும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வதும் அங்கேதான்.

எல்லாரும் வீரம்மா ஏதாவது சொல்லுவாள் என்று பார்த்தார்கள். வீரம்மா ஒன்றும் சொல்லாமல் கொழுந்தைக் கிள்ளிக்கொண்டிருந்தாள். அவள் பேசாமல் இருந்ததே எல்லாருக்கும் பயமாகிவிட்டது.

"என்னாக்கா?" என்றாள் ஜீவராணி.

"ஒண்ணுமில்ல."

"சொல்லுங்கக்கா."

"நா ஒண்ணும் சொல்லல தாயி. கீழ்க்கணக்கு மயில்வதனிய நாங்க மயிலுன்னுதான் கூப்பிடுவோம். அத நெனச்சேன், அவ்வளவுதான்."

ஜீவராணியின் கை நின்றது. மயில்வதனி. கல்யாணத்துக்கு முந்தி விஜிதரனுக்குப் பேசி, ஏதோ காரணத்தால் நின்றுபோன பெண். அவள் இருந்த லயம் பீலிக்கு நேர் மேலே. இப்போது அவள் கொழும்புப் பக்கம் தையல் கம்பெனியில் வேலை என்று கேள்வி.

பிறகு யார் சொல்ல வேண்டும்? பாட்டு தானாகவே விரிந்தது. மயிலு பீலியில் துணி விரிக்கிறாள். இவன் நனைந்துகொண்டு நிற்கிறான். கட்டினவளுக்கு மன்னிப்புக் கேட்கிற பாட்டிலே முதல் அடியில் அவள்தான் நிற்கிறாள்! மலையெல்லாம் தன்னோடு சேர்ந்து பாடியதை நினைத்தபோது ஜீவராணிக்கு மண்ணுக்குள் போய்விடலாம்போல இருந்தது.

மத்தியானம் சோற்றுப் பெட்டியைத் திறக்காமலே சிக்னல் கிடைக்கிற பாறைக்கு ஏறினாள். மூன்று மாதத்துக்குப் பிறகு அவளே அவனுக்குப் போன் எடுத்தாள்.

"ஜீவா!" அவன் குரலில் அப்படி ஒரு சந்தோசம். "பாட்டுக் கேட்டியா?"

"தோட்டமே கேட்டுச்சு. மயிலு யாரு?"

"எந்த மயிலு?"

"பீலியில துணி விரிச்ச மயிலு. நீங்க நனைஞ்சு நனைஞ்சு பாத்தீங்களே, அவ."

"என்னா புள்ள பேசுற? நா மயிலப் பத்தி வாயே தொறக்கல."

"அப்ப பாட்டுல யாரு தொறந்தது?"

அந்தப் பக்கம் மூட்டை இழுக்கும் சத்தம் கேட்டது.

"ஜீவா, இங்க பாரு. கோவிச்சுக்காத. அந்தப் பாட்ட நா எழுதல."

"என்னது?"

"போன்ல ஒண்ணு இருக்கு. ஏஐன்னு சொல்றாங்க. நாம விசயத்த சொன்னா அதுவே பாட்டுக் கட்டி, மெட்டுப் போட்டு, பாடியும் குடுத்துரும். கடையில எல்லாரும் செய்றாங்க. நா நம்மளப் பத்தித்தான் சொன்னேன். மயிலு அதுவாப் போட்டுக்கிட்டது."

"அதுக்கு மயில்வதனியத் தெரியுமா?"

"தெரியாது."

"பெறகு எப்பிடிப் போட்டுச்சு?"

"அதான் எனக்கும் தெரியல. வந்தப்ப நல்லாருந்துச்சு. அனுப்பிட்டேன்."

ஜீவராணிக்கு ஒரு கணம் நெஞ்சு லேசானது. அடுத்த கணமே கனத்தது. மயிலு மெசினுடையது என்றால், மற்றது?

"அப்ப கறை படிஞ்ச விரலு? அது யாரு சொன்னது?"

"நா உன் கையப் பத்தி சொன்னேன் புள்ள."

"என்னான்னு சொன்னீங்க?"

"நெறையாச் சொன்னேன். அரிசி மூட்டைக்கு நடுவுல ஒக்காந்துக்கிட்டு, மொதலாளி சாப்பிடப் போன நேரத்துல. அழுகையே வந்துருச்சு."

"கழுவிக் கழுவிப் பாத்தேன்னு சொன்னீங்களா?"

"அப்பிடியேவா... ஞாபகம் இல்ல. ஆனா அது எழுதுனதப் பாத்ததும், இதத்தான் நா சொன்னேன்னு தோணுச்சு."

"தோணுச்சுன்னா? சொன்னீங்களா, சொல்லலியா?"

"தெரியல ஜீவா. சத்தியமாத் தெரியல."

"எங்கிட்டச் சொல்ல வேண்டியத எதுக்கு அதுகிட்டச் சொன்னீங்க?"

"நீதான் போன எடுக்கலியே."

"எடுத்திருந்தாச் சொல்லியிருப்பீங்களா?"

"அது வந்து..." என்று இழுத்தான். பொய் சொல்லத் தெரியாத மனுசன். அந்த நேரத்தில் ஒரு பொய் சொல்லியிருந்தால்கூட அவளுக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

"தீபாவளிக்கு நீங்க வர வேணாம்" என்றாள். "அந்த மெசின அனுப்புங்க. அதுக்குச் சோறு போடுறேன்."

சாயங்காலம் காளியாயி விசயம் கேட்டு ஓடி வந்தாள். பீலித் தண்ணீரில் கால் கழுவிவிட்டு வந்த மருமகளை வாசலிலேயே மறித்தாள்.

"பாட்ட எம் மவன் கட்டலியாமே? யாரு கட்டுனதாம்?"

"ஏஐயாம் அத்த."

"எந்த ஆயி?"

"ஆயி இல்ல, ஏஐ."

"எனக்குத் தெரியாம கொழும்புல எந்த ஆயிடி அவனுக்குப் பாட்டுக் கட்டிக் குடுக்குறது? மயிலு போதாதுன்னு ஆயி வேறயா?"

ஜீவராணிக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தது. ஒருவேளை அப்படி ஒரு மெசினே கிடையாதோ, மாட்டிக்கொண்டதும் அவன் கட்டிய கதையோ என்ற சந்தேகம் அப்போதுதான் அவளுக்குள் விழுந்தது. விழுந்த சந்தேகம் ரொட்டிக்கு மாப் பிசையும்போதும் கூடவே இருந்தது. அடுப்பு ஊதும்போதும் இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை தீபாவளிச் சாமான் வாங்கும் சாக்கில் டவுனுக்குப் போனாள். தெருவெல்லாம் சட்டைத்துணியும் வெடியும் முறுக்கும் விரித்து, மேலே தார்ப்பாய் இழுத்துக் கட்டியிருந்தார்கள். அம்ஹரின் போன் கடையில் கூட்டம் இல்லை. போனுக்குக் காசு போடுவது, போட்டோ எடுப்பது, பெரியபிள்ளையான வீட்டுக்கு வீடியோ செய்வது எல்லாம் அவன்தான். தோட்டத்துப் பெண்கள் அவனிடம் கூச்சமில்லாமல் பேசுவார்கள்.

"வாங்க அக்கா. ரீலோடா?"

"இல்ல தம்பி. ஒரு பாட்டக் கேட்டுச் சொல்லணும்."

அவன் முதல் அடியைக் கேட்டதுமே சிரித்தான். "இது ஏஐ பாட்டு அக்கா. நானும் செஞ்சி குடுக்குறதானே. போன கிழமைதான் ஒரு சடங்கு வீட்டுக்குச் செஞ்சன்."

"அப்ப மெய்யாவே அப்பிடி ஒண்ணு இருக்கா?"

"ஈக்கி" என்று தலையாட்டினான்.

"அதுக்கு நாம சொல்லாத பேரு தெரியுமா?"

"எப்பிடித் தெரியும்? நாங்க குடுக்குறத வச்சித்தான் செய்யும். ஆனா அதுவும் கொஞ்சம் போட்டுக்கொள்ளும். எது எங்கடது, எது அதுடதுன்னு எனக்கே வெளங்குறல்ல." போனை எடுத்து அவள் முன்னால் நீட்டினான். "நீங்களே ஏதாச்சும் சொல்லுங்க. செஞ்சி காட்டுறன்."

"என்னா சொல்ல?"

"மனசுல என்ன ஈக்கோ அத."

மனசில் இருந்ததை அம்ஹரிடம் எப்படிச் சொல்வது? அந்த வாரம் முழுக்க லயத்தில் நடந்த சண்டைதான் அவள் வாயில் வந்தது. "எங்க பீலியில கொழாய் கழண்டு போச்சு. தண்ணி வரல" என்றாள். அம்ஹர் சிரிப்பை அடக்கிக்கொண்டு அதை அப்படியே தட்டினான். பக்கத்துக் கடைக்காரர் வெங்காயம் நிறுத்து முடிக்கும் முன்னால் வயலின் இழுத்தது. அதே பஞ்சுக் குரல்.

தோகை மயிலே உன் பீலி வாடிப் போச்சோ
தூறல் வராத வானம் உன்னோட சண்டையாச்சோ

"மயிலு எங்கருந்து வந்துச்சு?" ஜீவராணி கேட்ட சத்தத்தில் தெருவில் போனவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். "நா மயிலுன்னே சொல்லலியே தம்பி!"

"நானும் அடிக்கல்ல அக்கா. இருங்க." அம்ஹர் ‘பீலி’ என்று மட்டும் தட்டித் தேடினான். போன் நிறையத் தோகை விரித்த மயில்கள் வந்து நின்றன. "பீலின்னா மயில் எறகாம்" என்று வாசித்தான். "புத்தகத் தமிழாம். அல்லாவே, நாங்க தண்ணி எடுக்குற பீலி அதுக்குத் தெரியாது போல."

ஜீவராணி ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டாள்.

பீலி. அந்தச் சொல்லை மெசின் தானாகப் போடவில்லை. அதற்குத்தான் பீலியே தெரியாதே. அரிசி மூட்டைக்கு நடுவில் உட்கார்ந்து அவன்தான் சொல்லியிருக்கிறான். பீலியில் அவன் நனைந்த கதை அவளுக்குத் தெரியாதா? வாளியோடு அவள் வரிசையில் நின்ற அன்றைக்கு, அப்போது குழாயாக வைத்திருந்த மூங்கில் நழுவித் தண்ணீர் பக்கவாட்டில் பீய்ச்சியது. மேலே போய்க்கொண்டிருந்த விஜிதரன் இறங்கி வந்து, அவள் வாளி நிறையும் வரைக்கும் மூங்கிலைக் கையால் பிடித்துக்கொண்டு தலையோடு காலாக நனைந்து நின்றான். "போதும் விடுங்க" என்றுதான் அவள் அவனிடம் முதன்முதலில் பேசினாள். மயிலும் இல்லை, துணியும் இல்லை. அவன் அவளைத்தான் சொல்லியிருக்கிறான். அது போய்த் தோகையாகிவிட்டது. தோட்டத்துக்கு வந்து துணியாகிவிட்டது.

தப்பாகிப்போன அந்த அடிதான் நிச்சயமாக அவனுடையது. அது மட்டும் அவளுக்குத் தெளிவாகத் தெரிந்தது.

"தம்பி, இன்னொண்ணு செஞ்சு தாறியா?" என்றாள். "கையில கொழுந்துக் கறை. அது மட்டும் போடு."

அம்ஹர் தட்டினான்.

பச்சை மலை தந்த மருதாணி உன் கையில்
பார்த்துப் பார்த்து நானும் கரைஞ்சேன் உன் மையில்

நன்றாகத்தான் இருந்தது. கேட்டவுடனே கண் கலங்குகிற மாதிரிதான் இருந்தது. அவன் இல்லாமலே, யாரும் அழாமலே, ஒரு மூட்டைக்கு நடுவிலும் உட்காராமலே அதற்கு இப்படியும் சொல்ல வருகிறது. அப்படியென்றால் ‘கழுவிக் கழுவி’ யாருடையது? இதை யாரிடம் போய்க் கேட்பது? எப்படி யோசித்தாலும் ஒரு முடிச்சு அவிழ்ந்தால் இன்னொன்று இறுகியது.

"எப்பிடி அக்கா, நல்லமா?" என்றான் அம்ஹர்.

"நல்லாருக்கு. அதான் பயமா இருக்கு" என்று சொல்லிவிட்டு, வாங்க வந்த எண்ணெயை மறந்துவிட்டுப் பஸ் ஏறினாள்.

வீரம்மாவிடம் மட்டும் பீலி விசயத்தைச் சொன்னாள். ஒருத்தியிடம் சொன்னால் போதும், அந்த ஒருத்தி வீரம்மாவாக இருக்க வேண்டும். மறுநாள் பெரட்டுக்குள் மயில்வதனியின் பெயர் சுத்தமாகிவிட்டது. காளியாயி மட்டும், "மயிலு இல்லன்னா சரி, அந்த ஆயி யாருன்னு கேட்டியா?" என்று விடாமல் நின்றாள். விஜிதரனுக்கு ஜீவராணி போன் எடுக்கவில்லை. எடுத்து என்ன கேட்பது? தெரியாது என்றுதான் சொல்வான்.

தீபாவளிக்கு முதல் நாள் காலையில் மழை கொட்டிவிட்டு நின்றிருந்தது. லயமெல்லாம் பலகார எண்ணெய் வாசம். பீலியில் தண்ணீர் கலங்கி வேகமாக வந்ததில் பிளாஸ்டிக் குழாய் மறுபடியும் கழன்று, கல்லின் மேல் சிதறி அடித்தது. ஜீவராணி ஒரு கையால் குழாயைப் பிடிப்பதும் மறு கையால் வாளியை நகர்த்துவதுமாக அல்லாடிக்கொண்டிருந்தாள். மேலே பாதையில் யாரோ வந்து நிற்பது தெரிந்தது. விஜிதரன்தான். ராத்திரி ரயிலில் கொழும்பிலிருந்து அட்டனுக்கு வந்து, முதல் பஸ் பிடித்து வந்திருக்கிறான். சட்டை கசங்கி, கையில் பையோடு, இறங்கலாமா வேண்டாமா என்று ஒரு காலை முன்னால் வைத்து நின்றான். வராதீங்க என்று சொல்லியும் வந்திருக்கிறான்.

அவள் ஏறிட்டுப் பார்த்தாள். பிறகு குழாயைப் பார்த்தாள்.

"என்னா பாக்குறீங்க? புடிங்க" என்றாள்.

பையைக் கல்லின் மேல் வைத்துவிட்டு இறங்கி வந்து பிடித்தான். பிடித்த மாத்திரத்தில் தண்ணீர் முகத்தில் அடித்தது. அவள் வாளியை நேராக வைத்தாள்.

"பீலின்னா மயில் எறகாம். தெரியுமா?"

"யாரு சொன்னா?"

"உங்க மெசினு."

அவனுக்கு விளங்க நேரம் எடுத்தது. விளங்கியதும் வாய் பிளந்தது. "அட நாசமாப் போக! அதானா?"

"அதான்."

அவன் சிரிக்கப் பார்த்தான். அவள் சிரிக்கவில்லை. ஒரு வாளி நிறைந்தது. அதை நகர்த்திவிட்டு அடுத்ததை வைத்தாள். கறுத்த விரல்கள் வாளியின் விளிம்பைப் பிடித்திருந்தன.

"கையப் பத்தி அதுகிட்டச் சொன்னீங்களே, அத இப்ப சொல்லுங்க பாப்போம். வாயால."

அவன் தண்ணீரைத் துடைக்கக்கூட முடியாமல் நின்றான். "அன்னிக்குச் சோறு போடயில..." என்று தொடங்கினான். "உன் கை... அவனுங்க முன்னால நா..." குழாயை மாற்றிப் பிடித்தான். பஞ்சுக் குரல் அவ்வளவு அழகாகச் சொன்னதை இந்தக் கரகரத்த குரல் பாதி வழியில் போட்டுவிட்டது.

"எனக்குப் பாட்டு வராது புள்ள" என்றான்.

"பாட்டா கேட்டேன்?"

இரண்டாவது வாளியும் நிறைந்து வழிந்தது. வழிந்த தண்ணீர் அவள் காலை நனைத்துக்கொண்டு ஓடியது. "போதும், விடுங்க" என்றாள். அவன் விடவில்லை. "விடுங்கன்னா" என்று இன்னொரு தடவை சொன்னாள். தலையைக் குனிந்துகொண்டு குழாயை இன்னும் இறுக்கிப் பிடித்தபடி அவன் அப்படியே நின்றான்.

ஜீவராணி ஒரு வாளியைத் தூக்கிக்கொண்டு படியேறினாள். பாதிப் படியில் திரும்பி, "மத்த வாளிய எடுத்துக்கிட்டு வாங்க. பூரணி ஒங்களுக்காகப் பலகாரம் திங்காம இருக்கா" என்றாள்.

மறுபடி ஏறும்போது வாய் தானாக முணுமுணுத்தது. கழுவிக் கழுவிப் பாத்தேனே. சட்டென்று நிறுத்தினாள். கீழே அவன் குழாயைக் கல்லுக்குள் சொருகுகிற சத்தம் கேட்டது. யார் கட்டிய அடியோ, அவளுக்கு இன்னும் தெரியவில்லை. வாளி கனத்தது. படி ஏறுவதற்கு அந்த மெட்டு தோதாக இருந்தது. நான் சொன்ன அந்தச் சொல்ல, என்று மிச்சத்தையும் பாடிக்கொண்டே ஏறினாள்.